பபேடானுக்குப் பக்கத்துத் தெருவும் ஒரு சீனக் கடிதமும்

போன கிழமை நண்பன் ஒருவன் போன் எடுத்தான். குரலில் ஒரே கவலை. மகள் பல்கலைக்கழகத்தில் சீன மொழியும் பண்பாடும் என்ற பாடத்துக்குப் பதிந்துவிட்டாளாம். "சீனம் படிச்சு என்னடாப்பா செய்யிறது? ரெஸ்ரோரன்ற் திறக்கிறதே? நீ ஒருக்கா அவளோடை கதை" என்றான். கதைக்கிறேன் என்றேன். ஆனால் கதைக்க வேண்டியது அவளோடு அல்ல, அவனோடுதான் என்று பட்டது. போனில் சொன்னால் குறுக்கே குறுக்கே விழுவான். அதனால் இங்கே எழுதுகிறேன்.

2014இல் ஒரு கிழமை ரங்கூனில் நின்றேன். இப்போது யாங்கோன் என்கிறார்கள், எனக்கு ரங்கூன்தான் வாயில் வருகிறது. நகர மத்தியில் பபேடான் என்றொரு வட்டாரம். தமிழ் முஸ்லிம்களின் சூலியா பள்ளிவாசல் அங்கே இருக்கிறது. தெய்ஞ்ஜி சந்தைப் பக்கம் போனால் 1871இல் தமிழர் கட்டிய காளியம்மன் கோயில். அங்கிருந்து மேற்கே சில தெருக்கள் நடந்தால் லத்தா, அதாவது சீனர் தெருக்கள். சாம்பிராணி மணம் முடிகிற இடத்தில் ஊதுபத்தி மணம் தொடங்குகிறது. நூற்றைம்பது வருடமாக எங்கள் சனமும் சீனச் சனமும் இப்படிப் பக்கத்தில் பக்கத்தில் கடை வைத்திருக்கிறார்கள். ஆனால் பர்மாவைப் பற்றியும் எங்களைப் பற்றியும் பழைய சீன ஏடுகள் என்ன சொல்கின்றன என்று ரங்கூனில் உட்கார்ந்து வாசித்தவர் ஒரு வெள்ளைக்காரர்.

அவர் பெயர் கோர்டன் லூஸ். 1912இல் ஆங்கில இலக்கியம் படிப்பிக்க ரங்கூனுக்கு வந்தவர். 1915இல் தீ தீ என்ற பர்மியப் பெண்ணைக் கட்டினார். பாளி அறிஞர் பே மவுங் தினின் சகோதரி அவர். அந்தக் காலத்து வெள்ளைக்காரச் சமூகம் இதை லேசில் மன்னிக்கவில்லை. மனிதர் அதைப் பொருட்படுத்தாமல் பர்மிய வரலாற்றில் இறங்கினார். பர்மியம், பாளி, மொன் எல்லாம் பார்த்தபிறகு, இன்னும் பழைய காலத்துக்குப் போக ஒரே வழி சீனம்தான் என்று கண்டு அதையும் படித்தார். 1937இல் பழைய பியூ மக்களைப் பற்றி அவர் எழுதிய கட்டுரைக்குச் சீன ஏடுகள்தான் பெரிய ஆதாரம். பியூ நாட்டில் பிள்ளைகள் ஏழு வயதில் மடத்துக்குப் போவார்கள், இருபது வயதில் வெளியே வருவார்கள் என்று தாங் அரசவைக்காரர்கள் எழுதி வைத்திருக்கிறார்கள். தாங் காலத்து 'மான் ஷூ' என்ற நூலை லூஸ் மொழிபெயர்த்தது 1961இல் அமெரிக்காவில் கோர்னெல் பல்கலைக்கழக வெளியீடாக வந்தது. பகானில் கிடைத்த சீனக் கல்வெட்டைப் பற்றி 1960இல் எழுதியவர் சென் யி-செயின் என்ற பர்மியச் சீனர், லூசோடு கூட வேலை செய்தவர். அதே பகானில் தமிழ்க் கல்வெட்டும் இருக்கிறது. மலைமண்டலத்துக் குலசேகர நம்பி என்பவர் அங்கிருந்த நானாதேசி விண்ணகரத்துக்கு மண்டபமும் கதவும் விளக்கும் கொடுத்த கதையைச் சொல்லும் கல்.

லூஸ் இரண்டு தரம் பர்மாவை விட்டு ஓட வேண்டியிருந்தது. 1942இல் யப்பான்காரர் வந்தபோது லட்சக்கணக்கான இந்தியர்கள் காடும் மலையுமாக நடந்தார்கள். அவரும் இந்தியாவுக்குப் போனார், போர் முடிய வந்தார். 1964இல் நே வின் ஆட்சியில் மறுபடி வெளியேறினார். பபேடான் தமிழர் கடைகளைப் பறிகொடுத்துக் கப்பல் ஏறிய வருடங்களும் அவைதான். 1965இல் தனியார் பள்ளிக்கூடங்களை அரசு எடுத்தது, சீனப் பள்ளியும் போனது, தமிழ்ப் பள்ளியும் போனது. 1967 ஜூனில் சீனர் தெருக்களில் கலவரம். அதைப் பற்றித் தனியாக எழுத வேண்டும்.

சரி, நண்பனுக்குச் சொல்ல வந்த விஷயத்துக்கு வருகிறேன். சோங் வம்ச வரலாற்றில் 489ஆம் அத்தியாயம் என்று ஒன்று இருக்கிறது. தெற்குக் கடல் நாடுகளைப் பற்றியது. அதில் பகானும் வருகிறது, சோழ நாடும் வருகிறது. 1106இல் பகானிலிருந்து தூதர்கள் சீனத் தலைநகருக்குப் போகிறார்கள். சோழத் தூதருக்குக் கொடுத்த அதே மரியாதையை இவர்களுக்கும் கொடுங்கள் என்கிறார் சக்கரவர்த்தி. சடங்குத் துறை அதிகாரிகள் மறுக்கிறார்கள். சோழன் ஸ்ரீவிஜயத்துக்குக் கீழ்ப்பட்டவன், அவனுக்குத் தடித்த கடதாசியில் எழுதினால் போதும், பகான் பெரிய தனி நாடு, அதற்குப் பொன்பூப் போட்ட பட்டுக் கடதாசிதான் பொருத்தம் என்பது அவர்கள் வாதம்.

சோழன் ஸ்ரீவிஜயத்துக்குக் கீழ்ப்பட்டவனாம்! 1025இல் ராஜேந்திரன் கடாரம் கொண்டதைப் பள்ளிக்கூடத்தில் பாடமாக்கிய எங்களுக்கு இதைக் கேட்க எப்படி இருக்கும்? படையெடுத்து 81 வருடம் கழிந்தபிறகும் சீன அலுவலகக் கோப்பில் தோற்றவன்தான் எசமான். ஸ்ரீவிஜயத் தூதர்களே அப்படிச் சொல்லிக் கொடுத்திருக்க வேண்டும் என்கிறார் தன்சேன் சென் என்ற வரலாற்றாசிரியர். சீனத்துக்குப் போகும் கடல்வழி அவர்கள் கையில். போகிற வழியில் இருக்கிறவன் சொல்வதுதான் அரண்மனையில் எடுபடும். எனக்கு இந்த விளக்கம் சரியாகவே படுகிறது. இதே சென்னும் யப்பானியரான நொபோரு கராஷிமாவும் சேர்ந்துதான் சோழரைப் பற்றிய சீனக் குறிப்புகளைத் திரட்டி மொழிபெயர்த்து 2009இல் வெளியிட்டார்கள்.

அந்த அத்தியாயத்தில் இன்னொன்று இருக்கிறது. ராஜராஜன் அனுப்பிய தூது 1015இல் சீனா போய்ச் சேர்ந்தது. வழியில் 1150 நாள் கழிந்ததாம். தூதர் கொடுத்த அரசனின் கடிதத்தை அப்படியே சேர்த்திருக்கிறார்கள். அதில் அரசன் தன்னை வினாகிரிச் சாடிக்குள் பறக்கும் பூச்சிக்கும் வைக்கோல் நாய்க்கும் ஒப்பிடுகிறான். தஞ்சைப் பெரிய கோயிலைக் கட்டியவன் இப்படி எழுதினானா என்று முதலில் எனக்குக் கோபம்தான் வந்தது. பிறகுதான் தெரிந்தது, வினாகிரிப் பூச்சி சுவாங் த்சு நூலில் வருகிறது, வைக்கோல் நாய் லாவோ த்சு நூலில் வருகிறது. இரண்டும் சீனப் படிப்பாளிகளின் வாயில் புரள்கிற உவமைகள். தஞ்சாவூரில் யாருக்கு லாவோ த்சு தெரியும்? ராஜராஜனின் கடிதத்தைச் சீன அரண்மனைக்கு ஏற்ற மாதிரி அங்கே யாரோ ஒரு மொழிபெயர்ப்பாளர் எழுதியிருக்கிறார். சீன இலக்கியம் படித்தவருக்கு இது உடனே பிடிபடும். மொழிபெயர்ப்பை மட்டும் வாசிக்கிறவருக்கு அரசன் காலில் விழுந்த மாதிரித்தான் தெரியும்.

எனக்கு இது ஏன் இவ்வளவு உறைத்தது என்றால், என்னைப் பற்றியும் அப்படி ஒரு கோப்பு இருந்தது. அகதி விண்ணப்ப விசாரணையில் நான் தமிழில் சொன்னேன், மொழிபெயர்ப்பாளர் சொன்னார், அதிகாரி எழுதினார், நான் கையெழுத்து வைத்தேன். இந்த நாட்டு மொழி ஒழுங்காக வாசிக்கத் தெரிந்தபிறகு, எத்தனையோ வருடம் கழித்து அதன் பிரதியை எடுத்துப் பார்த்தேன். "அடித்தார்கள்" என்று நான் சொன்னது "கண்டித்தார்கள்" என்று இருந்தது. நான் வாழ்நாளில் பாவிக்காத பணிவான வசனங்கள் இரண்டு மூன்று என் வாயில் வைக்கப்பட்டிருந்தன. அந்த மனிதர் கெட்டவர் என்று நான் நினைக்கவில்லை. அலுவலகத்துக்குப் பிடிக்கிற மாதிரிச் சொல்லி எனக்கு உதவி செய்வதாக நினைத்திருப்பார். ராஜராஜனுக்கு எழுதியவரும் அப்படித்தான் நினைத்திருப்பாரோ?

தமிழ்நாட்டில் பெரிய வரலாற்றாசிரியர் நீலகண்ட சாஸ்திரி. தென்னிந்தியாவைப் பற்றி வெளிநாட்டார் எழுதியவற்றைத் தொகுத்து 1939இல் சென்னைப் பல்கலைக்கழக வெளியீடாகக் கொண்டுவந்தார். பெரிய வேலை. ஆனால் அதிலுள்ள சீனப் பகுதிகள் ஐரோப்பியர் மொழிபெயர்ப்பு வழியாக வந்தவை. வங்காளிகள் இதில் கெட்டிக்காரர். 1921இல் சில்வேன் லெவி சாந்திநிகேதனுக்கு வந்து சீனம் படிப்பிக்கத் தொடங்க, பிரபோத் சந்திர பக்சி அதைப் பிடித்துக்கொண்டார். 1937இல் தான் யுன்-ஷானை வைத்துத் தாகூர் அங்கே சீன பவனத்தைத் திறந்தார். எங்கள் பக்கம் அப்படி ஒன்றைக் கட்ட வேண்டும் என்று ஒருவருக்கும் தோன்றவில்லை. இவ்வளவுக்கும் காலியில் 1911இல் கண்டெடுத்த கல்லில் சீனமும் தமிழும் பாரசீகமும் பக்கத்தில் பக்கத்தில் நிற்கின்றன. 1409ஆம் ஆண்டுத் தேதி போட்ட கல். சீனத்தில் புத்தருக்குக் காணிக்கை, தமிழில் தேனாவரை நாயனாருக்கு, பாரசீகத்தில் அல்லாவுக்கு. ஒரு மொழி மட்டும் தெரிந்தவருக்கு ஒரு கடவுள்தான் தெரிவார்.

இப்போது சீனம் படிப்பது என்றாலே சீன அரசாங்கத்தின் காசு என்று ஒரு சந்தேகம் இருக்கிறது. அது முழுக்கப் பிழையுமல்ல. 2005இல் ஸ்டொக்ஹோம் பல்கலைக்கழகத்தில் ஐரோப்பாவின் முதல் கொன்பூசியஸ் நிலையம் திறந்தது, பத்து வருடத்தில் மூடினார்கள். 2020இல் இந்தியாவும் தன் கல்லூரிகளில் இருந்தவற்றை மறுபரிசீலனை செய்யப்போவதாக அறிவித்தது. எங்கள் ஊரிலும் சீனா நிற்கிறது, அம்பாந்தோட்டையைப் பார்த்தவர்களுக்குச் சொல்லத் தேவையில்லை. அதற்காக அந்த மொழி தெரியாமல் இருந்தால் என்ன பாதுகாப்பு வந்துவிடப் போகிறது என்று எனக்கு விளங்கவில்லை. ஒப்பந்தங்களை அவர்கள் தங்கள் மொழியிலும்தானே எழுதுகிறார்கள்.

இவ்வளவும் எழுதிவிட்டு நேற்று அந்தப் பிள்ளையோடு கதைத்தேன். சோழருக்குச் சீனர் வைத்த பெயர் ஜூ-நியன் என்று சொன்னேன். எந்த எழுத்து அங்கிள் என்று கேட்டாள். முதலாவது ஊற்றுவது, இரண்டாவது அரசன் போகும் வண்டி என்றேன். கொஞ்ச நேரம் சத்தமில்லை, பேனை கீறுகிற ஒலி மட்டும். "இரண்டாவது எழுத்து நல்ல கஷ்டம் அங்கிள்" என்றாள்.