டாட்டனம் வளைவில் விழுந்த இன்னொருவர்

1913ஆம் ஆண்டு ஜூன் 4ஆம் நாள் இங்கிலாந்தின் எப்சம் மைதானத்தில் நடந்த டெர்பி குதிரைப் பந்தயத்தின் செய்திப்படத்தை இன்று எவரும் இணையத்தில் காணலாம். டாட்டனம் வளைவில் குதிரைகள் விரைந்து வருகின்றன. பெரும்பாலானவை கடந்துவிட்டபின், தடுப்புவேலிக்குக் கீழே குனிந்து ஒரு பெண் ஓடுதளத்துக்குள் நுழைகிறார். வரும் குதிரையொன்றை நோக்கிக் கை நீட்டுகிறார். அடுத்த கணம் பெண், குதிரை, குதிரையோட்டி மூவரும் தரையில் கிடக்கின்றனர். அப்பெண் எமிலி டேவிசன். பெண்களின் வாக்குரிமைக்காகப் பலமுறை சிறை சென்றவர். நினைவு திரும்பாமலேயே ஜூன் 8 அன்று இறந்தார்.

நாம் இங்கே பேச வந்தது குதிரையோட்டியைப் பற்றி.

அவர் பெயர் ஹெர்பர்ட் ஜோன்ஸ். லாயப் பையனாக வாழ்வைத் தொடங்கியவர். வேல்ஸ் இளவரசரின் 'டைமண்ட் ஜூபிலி' முரட்டுக் குதிரை. பெயர்பெற்ற ஜாக்கிகளுக்கும் அடங்காதது. அதைப் பராமரித்துவந்த ஜோன்ஸிடமே கடைசியில் கடிவாளத்தைக் கொடுத்தனர். 1900இல் அதன்மீது டெர்பி உள்ளிட்ட மூன்று பெரும் பந்தயங்களையும் வென்றார். 1909இல் எட்வர்ட் மன்னரின் 'மினோரு'வுக்காக மீண்டும் டெர்பியை வென்றார். 1913இல் அவர் ஏறியிருந்த 'ஆன்மர்' ஐந்தாம் ஜார்ஜ் மன்னருடையது. அரசக் குதிரைக்குரிய ஊதா, செந்நிற உடையில் அவர் இருந்தார். கறுப்பு வெள்ளைப் படத்தில் அந்த வண்ணங்களும் தெரிவதில்லை.

டேவிசன் என்ன நினைத்தார் என்று அறிய அந்தச் சில விநாடிகளை எத்தனையோ பேர் சட்டகம் சட்டகமாக ஆராய்ந்துவிட்டார்கள். உயிரைவிடவே வந்தாரா? அப்படியெனில் கைப்பையில் இருந்த, ஊர் திரும்புவதற்கான ரயில் சீட்டு எதற்கு? குதிரையின் கடிவாளத்தில் இயக்கத்தின் கழுத்துத்துணியைக் கட்ட முயன்றார் என்று 2013இல் வெளியான ஓர் ஆய்வு கூறியது. இருக்கலாம். குதிரைகளுக்காக நிறுத்தப்பட்ட கேமராக்கள் அவை. மனிதர்களின் மனத்தை அவற்றிடம் கேட்பது சற்று அதிகம்தான்.

தூரத்திலிருந்து எடுத்த அப்படத்தில் டேவிசனின் முகம் நமக்குத் தெளிவாகத் தெரியவே இல்லை. அதை அத்தனை நெருக்கத்தில் எதிர்கொண்டவர் ஜோன்ஸ். அந்த முகம் தன்னை விடாமல் தொடர்வதாகப் பிற்காலத்தில் அவர் கூறியதாகச் சொல்வார்கள்.

உடல் காயம் பெரிதன்று; தலையில் லேசான அதிர்ச்சி. இரண்டு வாரங்களில் அதே ஆன்மர் மீதேறி ஆஸ்காட்டில் ஓட்டினார். அரசரின் அன்னை அலெக்சாண்ட்ரா அவருக்கு ஆறுதல் தந்தி அனுப்பினார். அதில் டேவிசனைப் பற்றி மிகக் கடுமையான சொற்கள் இருந்தன. அவற்றைப் படித்தபோது ஜோன்ஸின் மனம் எப்படி இருந்திருக்கும் என்று நாம் யோசித்ததுண்டு.

1951இல் எரிவாயு நிறைந்த சமையலறையில் அவர் இறந்துகிடந்ததை மகன் கண்டார். இந்த முடிவை 38 ஆண்டுகளுக்கு முந்தைய டெர்பியோடு முடிச்சுப் போடுபவர்கள் உண்டு. கதைக்கு அது வசதி. நமக்கு அதில் தயக்கமே. நாம் பிடித்துக்கொள்வது அதற்கு முந்தைய ஒரு செய்தியை. 1928இல் வாக்குரிமை இயக்கத் தலைவி எம்மலின் பாங்கர்ஸ்டின் இறுதிச் சடங்குக்கு ஜோன்ஸ் மலர்வளையம் கொண்டுவந்தார். பாங்கர்ஸ்டோடு எமிலி டேவிசனின் நினைவுக்கும் சேர்த்தே அதைச் செலுத்தினார்.