பொறிவண்டும் பொறியானையும்

பரமத்தி வேலூர்ப் பக்கத்தில் வாய்க்கால் கரையோரம் வளர்ந்த பிள்ளைகளில், மழை பெய்து ஓய்ந்த நாட்களில் வேலமரக் கிளைகளைத் துழாவிப் பொன்வண்டு பிடித்து, தீப்பெட்டிக்குள் இரண்டு கொழுந்திலைகளோடு அதனைக் குடிவைத்து, முட்டையிட்டுவிட்டதா என்று பாடவேளையில் பலகைக்கு அடியில் திறந்து பாராதவர்கள் அபூர்வம். நானும் பார்த்தவன்தான். மரகதத்தை உருக்கி வார்த்தாற்போன்ற முதுகோடுகள் இரண்டும் பேழைக் கதவுகளைப் போலத் திடீரென்று விலக, உள்ளே மடிந்து கிடந்த மெல்லிய சிறகு விரிந்து ‘விர்’ரென்று ஒலிக்கும் அந்தக் கணத்தில், இது முட்டையிலிருந்து வந்த ஜீவனன்று, ஏதோ ஒரு பட்டறையில் சாவி முடுக்கி அனுப்பிய யந்திரம் என்றே சிறுவனாகிய எனக்குத் தோன்றிற்று.

அந்த மயக்கத்துக்கு நம்முடைய பாஷையும் இடங்கொடுக்கிறது. பொறி என்னும் ஒரு சொல், மேனியில் விழுந்த புள்ளியையும், உலைக்களத்தில் தெறிக்கும் நெருப்புத் துளியையும், கண் காது முதலிய இந்திரியங்களையும், எலி பிடிக்கும் கூண்டையும், யந்திரத்தையும் ஒருங்கே குறிப்பதால், புள்ளி விழுந்த சின்னஞ்சிறு வண்டைப் பொறிவண்டு என்றழைத்த கிராமத்தான், தன்னையறியாமலே ஓர் யந்திர வண்டுக்கும் நாமகரணம் செய்துவிட்டான். குளத்தின்மேல் பறக்கும் தட்டானுக்கும் பொன்னுருக்கும் தட்டானுக்கும் ஒரே பெயர் அமைந்திருப்பதும் எனக்கு நெடுநாள் விநோதமாகவே இருந்தது.

எந்திரம் என்ற சொல்லைச் சங்கப் புலவர்கள் கரும்பாலைக்கு வழங்கியிருக்கிறார்கள் என்பது வெல்லம் காய்ச்சும் எங்கள் வேலூர்க்காரர்கள் சற்றே நிமிர்ந்து உட்கார வேண்டிய செய்தி. ஐங்குறுநூற்றில் ஓரம்போகியார் காட்டும் ஆலை, களிற்றின் குரலுக்கு எதிர்க்குரலாகப் பிளிறுகிறது. அந்தக் கரும்பை இந்நாட்டுக்குக் கொண்டுவந்தவர்கள் தகடூர் அதியமானின் முன்னோர் என்று புறநானூற்றில் ஔவையார் பாடுகிறார். தகடூராகிய தருமபுரியும் எங்கள் வேலூரும் 1965 வரை ஒரே சேலம் ஜில்லாவுக்குள் இருந்தவை. மாடு சுற்றிவர உருளைகள் முனகுவதும், கொப்பரையில் பாகு கொதித்துப் பொங்குவதும், அழுக்கு நுரையை ஒருவர் வழித்தெறிய, பதம் பார்க்கும் பெரியவர் ஒரு துளியைத் தண்ணீரில் விட்டு விரலால் உருட்டிப் பார்ப்பதும், வாசனைக்கு வந்த தேனீக்கள் கூட்டமாகச் சுற்றி, சில பாகிலேயே விழுந்து மடிவதுமான ஆலைக்கொட்டகைக் காட்சியில், யந்திரமும் பூச்சியும் பக்கத்தில் பக்கத்தில்தான் இருந்தன. பிலிக்கல்பாளையத்துச் சந்தைக்குப் போகும் வெல்லச் சிப்பத்தைத் தேனீயும் விடாமல் பின்தொடரும். ஆயினும் ஆலையின் ஓசையைக் கேட்ட புலவருக்கு ஞாபகம் வந்தது வண்டன்று, யானை.

யானையே யந்திரமான கதையைத் தமிழில் செய்தவரும் கொங்குநாட்டவரே. விசயமங்கலத்துக் கொங்குவேளிர் இயற்றிய பெருங்கதை, குணாட்டியரின் பிருகத்கதையை மூலமாகக் கொண்ட வழியில் வந்தது. முதலும் முடிவும் சிதைந்துபோன ஏட்டிலிருந்து 1924இல் உ. வே. சாமிநாதையர் அதனை அச்சிட்டு வெளியிட்டார். கோடபதி என்னும் யாழால் மதயானைகளை வசப்படுத்தும் உதயணனை நேர்நின்று வெல்ல இயலாதென்று கண்ட உஞ்சை மன்னன் பிரச்சோதனன், யானை வடிவில் ஒரு பொறியைச் செய்வித்து, அதன் வயிற்றுக்குள் ஆயுதபாணிகளை ஒளித்துவைத்துக் காட்டில் விடுகிறான். யாழுடன் நெருங்கி வந்தவன் அகப்படுகிறான். எவனுக்கு எதில் மோகமோ அந்த ரூபத்தையே கண்ணியாக்கிய சாமர்த்தியம் அது. திராய் நகரத்து மரக்குதிரையில் சூது மட்டுமே உண்டு. இதில் மனோதத்துவமும் சேர்ந்திருக்கிறது என்பது என் அபிப்பிராயம்.

நாமக்கல்லைத் தாண்டினால் எழுந்து நிற்கும் கொல்லிமலைக்கும் இந்தப் பொறிகளின் கதையில் பங்குண்டு. காற்றுக்கும் இடிக்கும் பூகம்பத்துக்கும் அழகு குலையாதது என்று நற்றிணை புகழும் கொல்லிப்பாவை, சங்கப் பாட்டில் தெய்வம் அமைத்த பிரதிமை. பிற்காலத்து ஐதிகத்திலோ, முனிவர்களைத் துன்புறுத்த வரும் அரக்கர்களின் வாடை பட்ட மாத்திரத்தில் தானாகவே அசைந்து, சிரித்து, மயக்கிக் கொல்லும் பொறியாகிவிட்டது. மலைமேலுள்ள எட்டுக்கை அம்மனே அப்பாவை என்று சொல்வாரும் உண்டு.

மதுரைக் கோட்டையின் பொறிகளைச் சிலப்பதிகாரம் அடுக்குகிறது: நெருங்கியவரைக் கடிக்கும் கருங்குரங்கு, பன்றி, பாய்ந்து கண்ணைக் கொத்தும் சிச்சிலி. சீவகசிந்தாமணியின் இராசமாபுரத்து மதிலிலோ இரும்புப் பன்றியும் நாகமும் தகரும் கூகையும் நிற்க, அவற்றைச் செய்தவர்கள் யவனர் என்கிறார் திருத்தக்கதேவர். அவரே படைத்த மயிற்பொறி, வலப்புறம் திருக மேலெழும்பும், இடப்புறம் திருகக் கீழிறங்கும். கர்ப்பிணியான அரசி விசயையைச் சுமந்து பறந்து சுடுகாட்டில் இறங்குகிறது. இவ்வரிசைகளில் மிகச் சிறியது அந்தச் சிச்சிலிதான். அதற்குக் கீழே ஒன்றுமில்லை. பகைவரை நடுங்கச் செய்வதற்காக அரசன் பொருள் கொடுத்துச் செய்விக்கும் யந்திரம் கண்ணுக்குப் பெரிதாகத் தெரியவேண்டும் என்பது ஒரு காரணம். வண்டின் முழங்காலளவு நுண்மையான கீலை எந்த உளியும் செதுக்காது என்பதைக் கம்மியர்கள் அறிந்திருந்ததைப்போலவே புலவர்களும் உணர்ந்திருக்கவேண்டும் என்று நான் கருதுகிறேன்.

அந்த உளி பிற்பாடு கிடைத்தது. அமெரிக்காவிலுள்ள ஹார்வர்ட் பல்கலைக்கழகத்தார் 2013இல் பறக்கவிட்ட யந்திர ஈயின் எடை 80 மில்லிகிராம். விநாடிக்கு 120 தடவை சிறகடித்தது. மின்கலத்தைச் சுமக்கும் வலு அதற்கில்லாமையால், மயிரிழை போன்ற கம்பியொன்று கீழிருந்து மின்சாரம் ஊட்டிற்று. அதன் படத்தைக் கண்டவுடன் எனக்கு வேலூர் நினைவு வந்துவிட்டது. நாங்களும் தட்டானின் வாலில் நூல் கட்டி, மறுமுனையைப் பிடித்துக்கொண்டு கரைமீது ஓடியவர்கள்தாமே! கம்பி அறுந்தால் ஹார்வர்டின் ஈ தரையில் விழும். எங்கள் நூல் அறுந்தாலோ, தட்டான் அரை முழ நூலை வாலில் இழுத்துக்கொண்டே ராஜவாய்க்காலைத் தாண்டிக் கொடிக்காலுக்குள் போய்விடும்.