ட்ரூமர்ஃபிராவ்

ஜெர்மனில் ‘ட்ரூமர்’ என்றால் இடிபாடு, ‘ஃபிராவ்’ என்றால் பெண். 1945இல் போர் முடிந்ததும், குண்டுவீச்சில் சரிந்த நகரங்களில் செங்கல்லைக் கொத்திச் சுத்தம் செய்து அடுக்கிய பெண்களுக்கு வந்த பெயர் இது. ஆண்களில் பலர் மாண்டிருந்தார்கள், அல்லது போர்க்கைதிகளாக இருந்தார்கள். பின்னாளில் தியாகம் என்று புகழ்ந்தாலும், பலரை அங்கே இழுத்தது வயிறுதான். பெர்லினில் இல்லத்தரசிக்கு மிகக் குறைந்த உணவு தரும் கடைசி வகை ரேஷன் அட்டை; அதைச் ‘சொர்க்கப் பயணச் சீட்டு’ என்றே ஊர் கேலி பேசியது. இடிபாட்டு வேலைக்குப் போனால் ரொட்டி கூடும். ஆனால் இடிபாடுகளில் பெரும்பகுதியை அகற்றியவை கட்டுமான நிறுவனங்களும் இயந்திரங்களுமே என்று வரலாற்றாளர் லியோனி ட்ரேபர் 2014இல் எழுதினார். இந்தப் பெண்களுக்குச் சிலைகள் எழுந்தன, சரி. மேற்கு ஜெர்மனியிலோ, குடும்பக் கடமைக்கு இடைஞ்சல் இல்லாவிட்டால்தான் மனைவி வேலைக்குப் போகலாம் என்ற சட்டம் 1977 வரை நீடித்தது.