கண்ணகியைத் திரையில் பேச வைத்தவர்: வசனகர்த்தா இளங்கோவன்



நம் பள்ளிகளின் கலைநிகழ்ச்சிகளில் கண்ணகி வழக்குரைக்கும் காட்சி அடிக்கடி இடம்பெறுவதுண்டு. கியா பார்ம், பிரிஞ்சாங் வட்டாரத் தோட்டத்துப் பெரியவர்களும் பழைய படங்களைப் பற்றி ஆர்வத்தோடு பேசுவார்கள். நடித்தவரை நினைவிற் கொள்கிறோம், பாடியவரையும் மறப்பதில்லை. வசனம் எழுதியவர் யார் என்று வினவினால், அண்ணா, கலைஞர் ஆகிய இரு பெயர்களுடன் விடை முடிந்துவிடுகிறது. அவ்விருவருக்கும் முன்னரே பாதை வகுத்தவர் ஒருவர் உண்டு. அவரே இளங்கோவன். இயற்பெயர் தணிகாசலம்.

தமிழின் முதல் பேசும் படமான 'காளிதாஸ்' 1931-ஆம் ஆண்டு வெளிவந்தது. அக்காலப் படங்களில் பாடல்களே மிகுந்திருந்தன. உரையாடல், ஒரு பாட்டுக்கும் அடுத்த பாட்டுக்கும் இடைப்பட்ட இணைப்பாகவே கருதப்பட்டது. வடசொற்கள் நிறைந்த நாடக மேடைத் தமிழே திரையிலும் ஒலித்தது.

1937-இல் 'அம்பிகாபதி' வெளிவந்தபோது இந்நிலை மாறத் தொடங்கியது. படத்தை இயக்கியவர் எல்லிஸ் ஆர். டங்கன் எனும் அமெரிக்கர், தமிழ் அறியாதவர். கம்பர் மகன் அம்பிகாபதிக்கும் சோழ இளவரசி அமராவதிக்கும் இடையிலான காதல் காட்சிகளுக்கு, சேக்சுபியரின் 'ரோமியோ ஜூலியட்' நாடகத்தை இளங்கோவன் தழுவிக்கொண்டார். தியாகராஜ பாகவதரின் பாட்டைக் கேட்க வந்த மக்கள், வசனத்தையும் செவிமடுத்து இன்புற்றனர்.

அதன்பின் 'திருநீலகண்டர்' (1939), 'அசோக்குமார்' (1941), 'சிவகவி' (1943), 'ஹரிதாஸ்' (1944) எனப் பாகவதரின் புகழ்பெற்ற படங்களில் அவரது எழுதுகோல் தொடர்ந்து பணியாற்றியது. இவற்றுள் 'ஹரிதாஸ்', சென்னை பிராட்வே திரையரங்கில் மூன்று தீபாவளிகளைக் கண்ட படமாகும்.

எனினும், ஆசிரியர்களாகிய நாம் சிறப்பாகக் கருத வேண்டிய படம் 1942-இல் ஜூபிடர் நிறுவனம் தயாரித்த 'கண்ணகி'. கோவலனாகப் பி. யு. சின்னப்பாவும் கண்ணகியாகப் பி. கண்ணாம்பாவும் நடித்தனர். கண்ணாம்பாவின் தாய்மொழி தெலுங்கு. ஆயினும், பாண்டியன் அவையில் அவர் முழங்கிய தமிழ் மக்களை மெய்சிலிர்க்க வைத்தது. நடிகையின் திறமை பெரிது, ஐயமில்லை. ஆனால், மூச்சுக்கு இசைந்து, நாவில் தடையின்றி உருளும் தொடர்களை அமைத்துக் கொடுத்த எழுத்தாளரின் திறமையும் அதற்கு ஈடானதே. வீட்டில் தமிழ் அதிகம் பேசாத பிள்ளைகளுக்கும் செந்தமிழ் வாய்க்கும் என்பதற்கு இதைவிடச் சிறந்த சான்று வேண்டுமா?

அத்தகையவர் ஏன் மறக்கப்பட்டார்? 1944-இல் லட்சுமிகாந்தன் கொலை வழக்கில் பாகவதர் கைதானார். அவரது படங்களின் பொற்காலம் அத்துடன் முடிவுற்றது. 1949-இல் அண்ணாவின் 'வேலைக்காரி'யும், 1952-இல் கலைஞரின் 'பராசக்தி'யும் சமூகக் கதைகளுக்கு வழிதிறந்தன. அவ்விருவருக்கும் இயக்கம் இருந்தது, மேடை இருந்தது, ஏடுகள் இருந்தன. அவர்தம் வசனங்கள் நூல்களாகவும் மக்களைச் சென்றடைந்தன. இளங்கோவனுக்கோ வெள்ளித்திரை ஒன்றே துணை. திரையிலிருந்து படம் இறங்கியதும் எழுதியவர் பெயரும் இறங்கிவிட்டது. 1964-இல் அதே சிலப்பதிகாரக் கதை, கலைஞரின் வசனத்தில் 'பூம்புகார்' ஆக வந்தபோது, பழைய கண்ணகியை எழுதியவரை எண்ணிப் பார்த்தோர் எத்தனை பேர்?

இதனால் பின்வந்தோரின் பெருமை குறைந்துவிடாது. ஒரு மொழி திரையில் தலைநிமிர்வதற்குப் பலர் உழைத்திருக்கிறார்கள். முதலில் உழைத்தவரையும் நாம் அறிந்திருக்க வேண்டும் என்பதே என் கருத்து.

ஆசிரியர்களுக்கும் பெற்றோருக்கும் ஒரு வேண்டுகோள். பிள்ளைகளுக்கு மனனம் செய்ய வசனத்தையோ கவிதையையோ எழுதிக் கொடுக்கும்போது, தாளின் தலைப்பிலேயே எழுதியவர் பெயரையும் எழுதுங்கள். மேடையில் அறிவிப்பாளர் அப்பெயரை உரக்கச் சொல்லட்டும். சொல்லை மதிக்கும் பிள்ளை, அச்சொல்லைத் தந்தவரையும் மதிக்கக் கற்றுக்கொள்ளும்.