தவளைக் குரல் தந்த வாழ்வு

"ஹிஸ்டரி படிச்சவர், ஒரு சரித்திரக் கட்டுரை கொடுங்க சார்" என்று மலர்க் குழுவினர் கேட்டார்கள். பானிபட் பற்றி எழுத உட்கார்ந்தேன். மனசு போனது 1974-க்கு. நம் கல்லூரி ஹாலில் 16 எம்.எம். புரொஜக்டரில் 'தி அட்வெஞ்சர்ஸ் ஆஃப் ராபின் ஹூட்' (1938) போட்டார்கள். அதில் ஓடைக்கரையில் படுத்திருக்கும் குண்டுப் பாதிரியார் வாயைத் திறந்ததும் ஹால் முழுக்கத் திரும்பி என்னைப் பார்த்தது. ஹாஸ்டலில் எனக்குத் 'தவளை' என்று பெயர் என்பது என் செட்டுக்காரர்களுக்கு ஞாபகம் இருக்கும். நாடகத் தேர்வுக்குப் போனால் இரண்டு வருஷமும் திரை இழுக்கும் வேலைதான் கிடைத்தது.

அந்தப் பாதிரியார் யூஜின் பாலெட். 1889-ல் அமெரிக்காவின் கான்சாஸ் மாநிலத்தில், வின்ஃபீல்டு என்ற ஊரில் பிறந்தவர். அப்பா, அம்மா இருவருமே நாடக நடிகர்கள். மௌனப் படங்களில் கூட்டத்தில் ஒருவராகவும் சண்டைக்காரராகவும் நுழைந்தார். 1916-ல் கிரிஃபித் எடுத்த 'இன்டாலரன்ஸ்' படத்தில் நல்ல வேஷம். 1572-ல் பாரிசில் நடந்த ஹுகனாட் படுகொலைப் பகுதியில் இவர்தான் காதலன். நிச்சயித்த பெண்ணைக் காப்பாற்றத் தெருத் தெருவாக ஓடி, பிந்திப் போய், அவள் உடலை ஏந்திக்கொண்டு வெளியே வந்து சுடப்பட்டுச் சாகிறார். ஒல்லியான, அழகான இளைஞர். சத்தியம் பண்ணினாலும் ராபின் ஹூட் பாதிரியார் என்று நம்ப மாட்டீர்கள்!

முதல் உலகப் போரில் ராணுவத்துக்குப் போய்த் திரும்பினார். 1921-ல் டக்ளஸ் ஃபேர்பாங்க்ஸோடு 'தி த்ரீ மஸ்கடியர்ஸ்' படத்தில் அராமிஸ். அதன் பிறகு உடம்பு பெருக்க ஆரம்பித்தது. கதாநாயகன் வேஷத்துக்கு அத்தோடு முழுக்கு. 1927-ல் ஹால் ரோச் கம்பெனியின் சின்னச் சின்னச் சிரிப்புப் படங்களில் வருகிறார். லாரல்-ஹார்டியின் 'தி பேட்டில் ஆஃப் தி செஞ்சுரி'யில் இன்ஷூரன்ஸ் ஏஜெண்ட் இவர். வாழைப்பழத் தோலைப் போட்டு ஆளை விழவைக்கும் யோசனையும், அதிலிருந்து தெருவே பை வீசி அடித்துக்கொள்வதும் இவரால்தான்.

வயசு 38. இளமை போச்சு, இடுப்பும் போச்சு. அப்போதுதான் சினிமா பேச ஆரம்பித்தது.

1928 ஜூலையில் வெளிவந்த 'லைட்ஸ் ஆஃப் நியூயார்க்' முழுக்க முழுக்கப் பேசிய முதல் முழுநீளப் படம். ஓடுவது 57 நிமிஷம்தான். அதில் சவரக்கடைக்காரராக வருபவர் நம்ம பாலெட். அந்தக் காலத்து மைக்கை ஏதாவது சாமானுக்குள் ஒளித்து வைப்பார்கள். நடிகர்கள் அதைச் சுற்றியே நின்று பேச வேண்டும். நடிப்பே மரத்துப்போன படம் என்பது என் அபிப்பிராயம். ஆனால் இவர் குரல் மட்டும் கரடுமுரடாக, கிணற்றுக்குள்ளிருந்து வருகிற மாதிரி, தனியாகக் கேட்கிறது. கண்ணை மூடிக்கொண்டு கேட்டாலும் இன்னார் என்று தெரியும். பேசும் படத்தில் குணச்சித்திர நடிகருக்கு வேறென்ன சொத்து வேண்டும்?

அடுத்த வருஷம் 'தி கேனரி மர்டர் கேஸ்'. மௌனப் படமாக எடுத்து முடித்ததை அவசரமாகப் பேசும் படமாக்கினார்கள். லூயிஸ் புரூக்ஸ் என்ற பெரிய நடிகை குரல் கொடுக்கத் திரும்பி வர மறுத்துவிட்டார். வேறொரு நடிகையின் குரலை ஒட்டினார்கள். புரூக்ஸின் ஹாலிவுட் வாழ்க்கைக்கு அதுவே பெரிய அடி. அதே படத்தில் போலீஸ் சார்ஜெண்ட் ஹீத்தாக வந்த பாலெட்டுக்கோ அந்த வேஷமே 1933 வரை, படத்துக்குப் படம் தொடர்ந்தது.

1936-ல் 'மை மேன் காட்ஃப்ரே'. பணக்காரக் கிறுக்குக் குடும்பத்தில் பில் கட்டியே நொந்துபோன அப்பா. 1941-ல் 'தி லேடி ஈவ்'. காலைச் சாப்பாடு வரவில்லை என்று பாத்திர மூடிகளைத் தாளம் மாதிரித் தட்டுவார். மொத்தம் 240-க்கும் மேலே படங்கள். போஸ்டரில் பெயர் என்றைக்கும் கீழேதான்.

1946-ல் சினிமாவை விட்டார். அணுகுண்டு பயத்தில் ஆரிகன் மாநில மலைப்பகுதியில் பெரிய பண்ணை வாங்கி, சாப்பாட்டுச் சாமான்களைச் சேர்த்து வைத்திருந்தார். குண்டு விழவில்லை. 1954-ல் லாஸ் ஏஞ்சல்ஸில் இறந்தார், வயது 65. தொண்டையில் புற்றுநோய்.

ராபின் ஹூட் போட்ட மறு வருஷம் நாடகத்தில் எனக்கு நீதிபதி வேஷம் கிடைத்தது. நாலே வசனம். திரையை வேறொருவன் இழுத்தான்.

இன்றைய மாணவர்கள் யாராவது பார்க்க ஆசைப்பட்டால், முதலில் 'இன்டாலரன்ஸ்', உடனே 'தி லேடி ஈவ்' என்று அடுத்தடுத்துப் பாருங்கள். இரண்டிலும் ஒரே ஆள்தானா என்று ஹாஸ்டலில் சண்டை வந்தால் எனக்குத் தகவல் சொல்லுங்கள், நானும் வருகிறேன்.