கொடுக்காய்ப்புளி: மலையிலிருந்து இறங்கிய பெயர்

பங்குனி வெயில் ஏறினால் கும்மிடிப்பூண்டிப் பக்கத்து நடைபாதைகளில் கொடுக்காப்புளி கூறு கட்டி விற்பனைக்கு வந்துவிடும். தேள்கொடுக்குபோல் சுருண்ட காய். பிளந்தால் வெள்ளையும் ரோஜா நிறமுமாகச் சதை, நடுவே பளபளக்கும் கறுப்புக் கொட்டை. பழுப்பு உள்தோல் கீறாமல் அந்தக் கறுப்புத் தோலை மட்டும் நகத்தால் உரித்தெடுப்பது பிள்ளைகளுக்குள் ஒரு பந்தயம். கோணிக்கொண்ட காய் என்பதால் கோணப்புளியங்காய் என்றும் சொல்வார்கள்.

கொடுக்கு சரி, புளி ஏன்? தின்றால் இனிப்பும் துவர்ப்பும்தான் நாக்கில் நிற்கின்றன. காய்க்குப் புளியங்காய்ச் சாயல் உண்டு என்பது பாதிப் பதில்.

ஆரம்பாக்கம் தாண்டி ஆந்திர எல்லைக்குள் நுழைந்தால் இதே காய்க்குப் பெயர் 'சீமசிந்த', அதாவது சீமைப்புளி. தெலுங்கு உண்மையைச் சொல்லிவிடுகிறது. மரத்தின் பூர்வீகம் மெக்சிகோ. ஸ்பானியர் 1565இல் பிலிப்பைன்ஸில் காலூன்றிய பிறகு அவர்களோடு கடல் கடந்து, பின்னர் இந்தியாவுக்கு வந்தது. மணிலாப் புளி என்ற பெயரும் அதனால்தான்.

ஆனால், 1510இல் ரோமில் அச்சான இத்தாலியப் பயணி வர்தெமாவின் பயண நூலிலேயே கொடுக்காய்ப்புளியின் ஒலிச்சாயலில் 'கோர்கோபால்' என்றொரு பழம் வருகிறது. மலபார்க் கரையில் அவர் கண்டது அது: முலாம்பழம்போல் வரிவரியாகப் பிளவுபட்டது, உள்ளே மூன்று நான்கு விதை. மெக்சிகோ மரத்துக்கு அந்த வடிவம் இல்லை. அப்போது அது இங்கு வந்திருக்கவும் முடியாது. வர்ணனை பெரிதும் பொருந்துவது குடம்புளி இனத்துக்குத்தான்.

குடம்புளி மேற்குத் தொடர்ச்சி மலையின் மழைக்காட்டு மரம். 1678இல் வெளிவந்த 'ஹோர்த்தூஸ் மலபாரிக்கூஸ்' தாவர நூலின் முதல் தொகுதியில் டச்சு அதிகாரி வான் ரீட் அதைப் படத்தோடு பதிந்தார். மஞ்சளாகப் பழுத்த பழத்தின் தோலைப் பிளந்து, வெயிலில் காயவைத்து, புகைபோட்டுக் கறுக்க வைப்பார்கள். மீன்குழம்பில் இரண்டு துண்டு போதும், பல் கூசும். இதுதான் பெயருக்கேற்ற புளி.

தாவர நூல்கள் பலவற்றில் இந்த மரத்துக்கும் தமிழ்ப்பெயர் கொடுக்காய்ப்புளிதான். இலங்கைத் தமிழர் கொறுக்காய்ப்புளி என்பதும் இதையே, சிங்களத்தில் கொரக்கா. மலைமரத்தின் பெயரைத்தான் சமவெளி புதுமரத்துக்குச் சூட்டியது என்று கொள்ள இவையெல்லாம் இடம் தருகின்றன. காயின் வளைவைப் பார்த்த மக்கள் அதில் தேள்கொடுக்கைக் கண்டார்கள், பெயர் ஒட்டிக்கொண்டது.

இன்று கும்மிடிப்பூண்டியில் கொடுக்காப்புளி கேட்டால் நடைபாதைக் கூறைத்தான் காட்டுவார்கள். கறுத்துச் சுருண்ட அந்த மலைப்புளி வேண்டுமென்றால் மளிகைக் கடையில் குடம்புளி என்றே கேட்க வேண்டும்.