ஊருக்குக் கடிதம் எழுதியவர்கள்

சென்ற வருடம் ஒரு நாள் காலை, பாடசாலை மணி அடிப்பதற்கு முன்னர், எங்கள் ஊர்ப் பெண்ணொருவர் கடித உறையொன்றைக் கையில் பிடித்தவாறு வாசலில் நின்றிருந்தார். அவரது மறைந்த கணவரின் வயற்காணி அனுமதிப்பத்திரம் சம்பந்தமாக அரச காரியாலயம் ஒன்றிலிருந்து வந்த கடிதம் அது. முதல் எழுத்திலிருந்து கடைசி எழுத்துவரை சிங்களம். அந்தப் பெண் எட்டாம் ஆண்டுவரை படித்தவர். தமிழ்ப் பத்திரிகையைத் தங்குதடையின்றி வாசிக்கக் கூடியவர். ஆயினும், “இதுல என்ன இருக்கெண்டு சொல்லி, ஒரு பதிலும் எழுதித் தாங்க சேர்” என்று கேட்பதைத் தவிர அவருக்கு வேறு வழி இருக்கவில்லை.

பிறருக்குக் கடிதம் எழுதிக்கொடுப்பது ஒரு காலத்தில் எமது ஊர்களில் தொழிலாகவே இருந்தது. இன்று அத்தொழிலைச் செய்வோரைக் காண்பது அரிது. படிப்பறிவு பரவியதால் அது அழிந்தது என்று நாம் இலேசாகச் சொல்லிவிடுகிறோம். அந்தக் காலைக்குப் பிறகு எனக்கு அதில் சந்தேகம் வந்துவிட்டது. படிக்கத் தெரியாததால் மட்டும் பிறந்த தொழிலா இது? இதன் வரலாற்றைச் சற்றுப் பின்னோக்கிப் பார்த்தல் பொருத்தமாகும்.

காத்திபு என்ற பதவி

முஸ்லிம்களாகிய எமக்கு எழுத்தர் என்பவர் புதியவரல்லர். எழுதப் படிக்கக் கற்றிராத நபி (ஸல்) அவர்கள் மன்னர்களுக்கு நிருபங்கள் அனுப்பியது எழுத்தர்களைக் கொண்டுதான். யூதர்களுடனான கடிதப் போக்குவரத்திற்காக அவர்களது எழுத்தைக் கற்றுக்கொள்ளுமாறு இளைஞரான ஸைத் இப்னு தாபித் (ரலி) அவர்களைப் பணித்த செய்தி ஹதீஸ் தொகுப்புகளில் உண்டு. அல்குர்ஆனின் மிக நீண்ட வசனமான சூரத்துல் பகராவின் 282ஆம் வசனம், கடன் கொடுக்கல் வாங்கலை எழுதிவைப்பது பற்றியது. எழுதுபவர் நீதியோடு எழுதவேண்டும், எழுத மறுக்கலாகாது, வாசகத்தைச் சொல்லவேண்டியவர் கடன்பட்டவரே, அவருக்குச் சொல்ல இயலாவிட்டால் பொறுப்பாளர் நீதியோடு சொல்லவேண்டும், எழுதியவருக்குத் தீங்கு செய்யலாகாது என்றெல்லாம் அது விதிக்கின்றது. எழுத்தரின் கையை மட்டுமன்றி, எழுதுவிப்பவரின் வாயையும் நீதிக்குக் கட்டுப்படுத்துகின்ற வசனம் இது.

உமையாக்களின் இறுதிக் கலீபாவிடம் காத்திபாக இருந்து, கி.பி. 750 அளவில் மறைந்த அப்துல் ஹமீத், தம் சக எழுத்தர்களுக்கு எழுதிய நிருபம் அரபு இலக்கியத்தில் புகழ்பெற்றது. எழுத்தரின் ஒழுக்கமே அதன் பொருள். உஸ்மானியரின் ஆட்சியில் மக்களுக்கு மனு எழுதிக்கொடுத்தோர் அர்ஸுஹால்ஜிகள் எனப்பட்டனர். நிலையைச் சமர்ப்பித்தல் என்பது அந்தச் சொல்லின் அடிப்படை. தமிழில் மனுவைக் குறிக்கும் ‘அர்ஜி’ என்ற சொல்லும் அதே அரபு வேரிலிருந்து பாரசீகத்தின் வழியாக வந்ததேயாகும்.

கச்சேரியும் பெட்டிசமும்

எமது நாட்டில் இத்தொழிலை வளர்த்தது காலனித்துவ நிருவாகம். ஒல்லாந்தர் விட்டுச்சென்ற ‘கந்தோர்’ என்ற சொல்லும், ஆங்கிலேயர் இந்தியாவிலிருந்து கொண்டுவந்த ‘கச்சேரி’ என்ற சொல்லும் இன்றும் எம் நாவில் உள்ளன. மட்டக்களப்புக் கச்சேரி நீண்டகாலம் பழைய ஒல்லாந்தக் கோட்டைக்குள்ளேயே இயங்கியது. அந்தக் கோட்டைக்குள் இருந்த ஆட்சி பேசியதோ ஆங்கிலம். வயலில் தண்ணீர்த் தகராறு பட்டவனும், வரி கட்ட முடியாதவனும், விதானையின் கெடுபிடிக்கு ஆளானவனும் தன் குறையைச் சொல்ல ஆங்கிலம் தெரிந்த ஒருவரைத் தேடவேண்டியிருந்தது. 1857இல் இலங்கையில் தபால் முத்திரை அறிமுகமானது. கோட்டைவரை நடந்துபோக முடியாதவனும் முத்திரை ஒட்டிக் குறையை அனுப்பலாம் என்றாயிற்று. எழுத மட்டும் ஆள் வேண்டும்.

அந்த ஆள்தான் பெட்டிசம் எழுதுபவர். ‘பெட்டிசன்’ என்ற ஆங்கிலச் சொல் எம்மவர் வாயில் ‘பெட்டிசம்’ ஆகி, பிற்காலத்தில் ‘பெட்டிசம் போடுதல்’ என்றாலே ஒருவர்மீது முறைப்பாடு செய்தல் என்ற பொருளையும், பெயரில்லாவிட்டால் ‘மொட்டைப் பெட்டிசம்’ என்ற பெயரையும் பெற்றது. மனுவுக்கென்று ஒரு நடை இருந்தது. மனுதாரர் ‘பணிவுள்ள’ மனுதாரராகவே தொடங்குவார். கனம் துரையவர்களின் நலனுக்காக என்றும் பிரார்த்திக்கக் கடமைப்பட்டவன் என்ற வாசகத்தோடு முடிப்பார். எரிந்துகொண்டு வந்தவனுடைய கோபமும் அந்தப் பணிவுக்குள்ளேதான் அடங்கவேண்டும்.

என் சிறுவயதில் எங்கள் ஊர்த் தபால்கந்தோருக்கு எதிரே, தேத்தண்ணிக் கடையின் தாழ்வாரத்தில், பழைய தட்டெழுத்துப் பொறியோடு ஒருவர் உட்கார்ந்திருப்பார். வந்தவர் கதை முழுவதையும் சொல்லிமுடிக்கும்வரை வெற்றிலையை மென்றுகொண்டு கேட்பார். பின்னர், “இதுல பெட்டிசத்துக்கு வேண்டியது இவ்வளவுதான்” என்று நாலு வரியை எடுத்துக்கொள்வார். கூலியாகக் காசும் வரும், அறுவடைக் காலமென்றால் ஒரு மரைக்கால் நெல்லும் வரும். இன்று சுவடிக் கூடங்களில் பழைய மனுக்களைத் தேடி வாசிக்கும் ஆய்வாளர் இதை மறந்துவிடலாகாது. எம் முன்னோரின் குரல் என்று அங்கே கிடப்பது, இன்னொருவர் பொறுக்கியெடுத்த அந்த நாலு வரிதான்.

அரபுத் தமிழில் ஒரு தனி உலகம்

அதே காலத்தில், கச்சேரிக்குச் செல்லாத இன்னொரு வகைக் கடிதமும் எம்மிடையே இருந்தது. தமிழெழுத்தை அறியாத எமது பெண்கள் பலர், ஓதப்பள்ளியில் குர்ஆன் ஓதிய பழக்கத்தால் அரபெழுத்தை அறிந்திருந்தனர். அரபியில் இல்லாத தமிழ் ஒலிகளுக்காக அரபெழுத்தோடு புள்ளிகளும் குறிகளும் சேர்த்து ஆக்கப்பட்ட அரபுத் தமிழ் அவர்களுக்குக் கைகொடுத்தது. உயிர்க்குறிகள் இடப்பட்டிருந்ததால், எழுத்துக்கூட்டி ஓதத் தெரிந்த எவரும் அதை வாசித்துவிடலாம். தொழிலுக்காக ஊர்விட்டுச் சென்ற வணிகரும், வீட்டிலிருந்த அவர்தம் மனைவியரும் இவ்வெழுத்தில் கடிதம் எழுதிக்கொண்டனர். எழுத வராதவர்களுக்கு ஓதிக்கொடுக்கும் லெப்பையோ, வீட்டில் ஓதிக்கொடுக்கும் பெண்ணோ எழுதிக்கொடுத்தார்கள். எம் பெண்களைப் படிப்பறிவில்லாதவர்கள் என்று கணக்கெழுதியோர் இந்த அறிவைக் கணக்கில் சேர்த்தார்களா என்பது யோசிக்கத்தக்கது.

எனது உம்மம்மாவிடம் அத்தகைய கடிதக் கட்டொன்று இருந்தது. அவர் மௌத்தான பின்னர் பெட்டகத்தைத் திறந்தபோது அது அங்கே இல்லை. அரபெழுத்து உள்ள தாள், காலில் படக்கூடாது என்று அவரே எரித்துச் சாம்பலைக் கிணற்றோரம் புதைத்துவிட்டதாக உம்மா சொன்னார். அலட்சியத்தால் அழிந்த ஏடுகளைப் பற்றி நிறையப் பேசுகிறோம். மரியாதையால் அழிந்த ஏடுகளும் எம்மிடம் உண்டு.

மொழியால் மீண்ட தொழில்

1945இல் இலவசக் கல்வி நடைமுறைக்கு வந்தது. அடுத்த தலைமுறை எழுதப் படிக்கக் கற்றது. பெட்டிசம் எழுதுவோரின் தேவை அத்தோடு முடிந்திருக்க வேண்டும். ஆனால் 1956ஆம் ஆண்டின் 33ஆம் இலக்க அரசகரும மொழிச் சட்டம் சிங்களத்தை மட்டும் ஆட்சிமொழியாக்கியது. 1958இல் வந்த தமிழ்மொழி விசேட ஏற்பாடுகள் சட்டம் நடைமுறையில் பெரிதாக எதையும் மாற்றவில்லை. 1961இல் மட்டக்களப்பிலிருந்து பிரித்து அம்பாறை மாவட்டம் உருவாக்கப்பட்டபோது, கரையோர முஸ்லிம், தமிழ் ஊர்களின் கச்சேரிப் பயணம் கோட்டையிலிருந்து அம்பாறை நகருக்குத் திசைமாறியது. அங்கே பேசவும் எழுதவும் சிங்களம் தேவைப்பட்டது. ஆங்கிலம் தெரிந்தவரின் இடத்தில் சிங்களம் தெரிந்தவர் வந்து அமர்ந்தார். தாழ்வாரமும் மேசையும் மாறவில்லை.

1987இல் பதின்மூன்றாவது திருத்தம் தமிழையும் அரசகரும மொழியாக்கியது. 1988இன் பதினாறாவது திருத்தம் வடக்கு, கிழக்கில் தமிழை நிருவாக மொழியாக விதித்தது. சட்டப்படி பார்த்தால், அந்தப் பெண்ணின் கைக்கு வந்த கடிதம் தமிழில் வந்திருக்க வேண்டும். ஆகவே நான் காணும் முடிவு இதுதான். இத்தொழிலைப் பெற்றெடுத்தது மக்களின் அறியாமை மட்டுமல்ல. ஆள்வோரின் மொழிக்கும் ஆளப்படுவோரின் மொழிக்கும் இடையிலிருந்த தூரமே இதன் தாய்.

வெளிநாட்டுக் கடிதம்

1970களின் இறுதியிலிருந்து எமது பெண்கள் பணிப்பெண்களாக மத்திய கிழக்கு நாடுகளுக்குச் செல்லத் தொடங்கினர். 1985இல் வெளிநாட்டு வேலைவாய்ப்புப் பணியகத்திற்கான சட்டம் வந்தது. ஊர்களில் கடிதம் எழுதுவோருக்கு இது கடைசி அறுவடைக் காலம். காசு கொடுத்து எழுதுவிக்க வசதியில்லாதவர்கள் படிக்கும் பிள்ளைகளைத் தேடினார்கள். அப்படி எழுதிய பிள்ளைகளில் நானும் ஒருவன். 1992இல் ஆறாம் ஆண்டில் படித்துக்கொண்டிருந்த எனக்கு எழுத்து அழகாக வரும் என்று ஒரு பெயர் இருந்தது. தாளின் தலையில் 786, பின் ஸலாம், பின் அல்லாஹ்வின் கிருபையால் யாவரும் சுகம். அதற்குப் பிறகுதான் அவரவர் கதை.

எங்கள் ஒழுங்கையில் ஒருவரின் மனைவி றியாதில் இருந்தார். மாதம் தவறாமல் காசு வரும். ஒரு நாள் அவர் என்னைக் கூப்பிட்டு, “வீட்டுச் சுவர் எழும்பி, முகடும் போட்டாச்சு எண்டு எழுது மகன்” என்றார். அந்த வளவில் அத்திவாரம் மட்டும் புல்முளைத்துக் கிடந்ததை நான் தினமும் பார்த்துக்கொண்டுதான் பள்ளிக்கூடம் போனேன். இருந்தும் எழுதினேன். பெரியவர் சொல்கிறார், எழுதுவது என் வேலை என்று நினைத்தேன். முகட்டுக்கு ஓடு வாங்கிய கணக்கையும் அவர் சொன்னபடியே எழுதினேன். ஒரு பனிஸும் சோடாவும் கிடைத்தன.

இரண்டு வருடங்களின் பின் அவர் மனைவி திரும்பி வந்தார். சண்டையும் அழுகையும் ஓய்ந்த ஒரு பின்னேரம் என்னை வழியில் கண்டு நிறுத்தினார். ஏசவில்லை. “அவர் பொய் சொன்னா எனக்குத் தெரியும் மகன். உன்ட எழுத்தைக் கண்டுதான் நம்பினன்” என்று மட்டும் சொன்னார். பின்னர் ஆசிரியர் கலாசாலையில் பயிற்சி பெற்ற காலத்தில் மேற்சொன்ன வசனத்தின் விளக்கத்தை வாசித்தபோது எனக்கு நினைவு வந்தது அவரது முகம்தான். எழுதுபவன் வெறும் கை அல்லன். எழுத்து ஓர் அமானிதம்.

பின்னர் கடிதத்தோடு ஒலிநாடாக்கள் போயின, வந்தன. தொலைபேசி நிலையங்கள் சந்திக்குச் சந்தி திறந்தன. கைத்தொலைபேசி வந்தது. இன்று தாய்மார் ஜித்தாவிலிருந்து பிள்ளையின் முகம் பார்த்துப் பேசுகிறார்கள். அத்திவாரத்தையும் அதே திரையில் பார்த்துக்கொள்ளலாம். இந்த மாற்றத்திற்காக நான் வருந்தவில்லை. இடையில் ஒருவர் இல்லாமல் தாயும் மகளும் பேசுவதைவிட நல்ல கடிதம் இருக்க முடியாது.

எஞ்சியிருப்பது

ஆனால் அரசோடு பேசும் கடிதத்தில் இடையாள் இன்னும் போகவில்லை. போட்டோக்கொப்பிக் கடையில் கணினிக்கு முன்னால் அமர்ந்து, ஊராரின் விண்ணப்பங்களை நிகழ்நிலையில் நிரப்பிக்கொடுக்கும் பையன்தான் இன்றைய பெட்டிசம் எழுதுபவர். அடையாள அட்டை இலக்கம், வங்கிக் கணக்கு, நோய் விபரம் யாவும் அவன் விரல்நுனியில். அவனுக்கும் அமானிதத்தைச் சொல்லிக்கொடுக்க யாராவது வேண்டும். 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவலறியும் உரிமைச் சட்டத்தில் ஒரு நல்ல ஏற்பாடு உண்டு. எழுத்தில் கோரிக்கை விட இயலாதவர் வாயால் கேட்கலாம், அதை எழுத்தில் வடிப்பது தகவல் அலுவலரின் கடமை. அரசின் அலுவலரையே மக்களின் காத்திபாக்கும் இந்த ஏற்பாட்டை எம்மவர் எத்தனை பேர் அறிவர்?

வாசகர்களிடம் ஒரு வேண்டுகோள். உங்கள் வீட்டுப் பெட்டகத்தில் பழைய கடிதங்கள், பெட்டிசப் பிரதிகள், அரபுத் தமிழ்த் தாள்கள் இருந்தால் எரித்துவிடாதீர்கள். ஒரு படம் எடுத்தாவது வையுங்கள். அடுத்த தலைமுறைக்கு எம்மைப் பற்றிச் சொல்ல அவைதான் இருக்கின்றன.

அந்தக் காணிக் கடிதத்திற்கு நான் தமிழில் பதில் எழுதினேன். எழுதி முடித்து, ஒப்பமிடுமுன் அந்தப் பெண்ணுக்கு முழுவதையும் வாசித்துக் காட்டினேன். ‘தயைகூர்ந்து கருணை காட்டுமாறு மிகத் தாழ்மையுடன் மன்றாடுகிறேன்’ என்ற இடம் வந்ததும் அவர் குறுக்கிட்டார்.

“இரந்து கேக்கிற மாதிரி எழுதாதீங்க சேர். என்ட புரிசன் வெட்டின காணிதானே?”

நான் அந்த வரியை வெட்டிவிட்டு, வேறு தாளில் திரும்ப எழுதினேன்.